நொடிக்கு ஒரு புள்ளி

போன மாதம் அக்கா பையன் வாட்ஸ்அப்பில் ஒரு ஸ்கிரீன்ஷாட் அனுப்பியிருந்தான். இருங்காட்டுக்கோட்டை ரேஸ் ட்ராக்கில் பயிற்சி நாளன்று அவன் போனில் ஓடிய லேப் டைமர் செயலியின் திரை. பன்னிரண்டு சுற்றுகள், ஒவ்வொன்றுக்கும் நேரம், புள்ளிக்குப் பிறகு மூன்று இலக்கம். ஏழாவது சுற்று பச்சை நிறத்தில் இருந்தது. கீழே ஒரு வரி: "மாமா, புது பேக் டயர் போட்டதும் 0.4 செகண்ட் குறைஞ்சிருக்கு. பாத்தீங்களா?"

அந்த டயருக்கு அவன் மூன்று மாதமாகச் சம்பளத்தில் மிச்சம் பிடித்தவன். அடுத்து முன் டயரையும் மாற்றலாமா, இந்த வருஷமே கிளப் ரேஸுக்குப் பெயர் கொடுக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தான். எல்லாமே அந்த 0.4-ஐ நம்பித்தான். எனக்கு ரேஸ் பற்றிப் பெரிதாகத் தெரியாது. ஆனால் மூன்று இலக்கத்தில் ஒரு எண்ணைப் பார்த்தால் "இதை அளந்தது எது, எப்படி?" என்று கேட்கும் கெட்ட பழக்கம் உண்டு. கேட்டேன். "போன்தான் மாமா, ஜாக்கெட் பாக்கெட்ல இருந்துச்சு" என்றான்.

அங்கிருந்துதான் இந்தக் கட்டுரை ஆரம்பம்.

போனுக்குள் இருக்கும் ஜிபிஎஸ் பொதுவாக நொடிக்கு ஒரு முறைதான் "நான் இங்கே இருக்கிறேன்" என்று சொல்லும். வழி காட்டும் வரைபடத்துக்கு அது போதும், பேட்டரியும் மிச்சம். ஆனால் மணிக்கு 130 கி.மீ. வேகத்தில் நேர்ச்சாலையில் போகிற பைக் ஒரு நொடியில் 36 மீட்டர் ஓடிவிடுகிறது. அதாவது 36 மீட்டருக்கு ஒரு புள்ளி. ஃபினிஷ் கோடு சரியாக ஒரு புள்ளியின் மேல் வந்து விழ வாய்ப்பே இல்லை. போன் கோட்டைப் பார்ப்பதே இல்லை என்றுகூடச் சொல்லலாம். கோட்டுக்கு முன்னால் ஒரு புள்ளி, பின்னால் ஒரு புள்ளி. நடுவில் கோடு எத்தனையாவது மீட்டரில் வருகிறது என்று பார்த்து, பள்ளிக்கூடத்து விகிதக் கணக்குப் போட்டு நேரத்தைச் சொல்கிறது செயலி. மூன்றாவது இலக்கம் கடிகாரத்திலிருந்து வரவில்லை, வகுத்தலிலிருந்து வருகிறது.

"அப்போ இது பொய்யா?" என்று பையன் உடனே கேட்டான். பொய் இல்லை. ஆனால் எவ்வளவு உண்மை என்பதைச் சொல்ல, கொஞ்சம் பின்னால் போக வேண்டும். ஏனென்றால் கோட்டைத் தாண்டிய கணத்தைப் பிடிக்க முடியாமல், சுற்றிவளைத்து வேறு வழி கண்டுபிடிப்பதுதான் நூறு வருஷமாக இந்தத் தொழிலின் கதை.

இங்கிலாந்தின் சர்ரே மாவட்டத்தில் 1907-இல் ப்ரூக்லாண்ட்ஸ் ட்ராக் திறந்தார்கள். கார் பந்தயத்துக்கென்றே கட்டப்பட்ட முதல் ட்ராக் அது. அங்கே பல வருஷம் நேரம் குறித்தவர், பந்தயத்தைத் தொடங்கியும் வைத்தவர் எப்பிள்வைட் என்பவர். மனிதருக்குச் சொந்தத் தொழில் இசைக்கருவி வியாபாரம்! தாளம் தெரிந்தவர் கையில் ஸ்டாப்வாட்ச் இருந்தது பொருத்தம்தான் என்று எனக்குத் தோன்றியது. 1916-இல் சுவிட்சர்லாந்தின் ஹாயர் கம்பெனி 'மைக்ரோகிராஃப்' என்ற ஸ்டாப்வாட்சைக் கொண்டுவந்தது. நொடிக்கு 100 துடிப்பு, நூற்றில் ஒரு பங்கு வரை படிக்கலாம். கடிகாரம் தயாராகிவிட்டது. கட்டைவிரல் தயாராகவில்லை. கண் பார்த்து, மூளை முடிவெடுத்து, விரல் அழுத்துவதற்குள் ஏறக்குறைய ஐந்தில் ஒரு நொடி போய்விடும். நூறில் ஒரு பங்கு காட்டும் முள்ளை, ஐந்தில் ஒரு பங்கு தாமதமாகும் விரல் நிறுத்துகிறது. இன்றைய போன் திரையில் மூன்று இலக்கம் மின்னுவதும் இதே கூத்துதான்.

விரல் பிசகினால் என்ன ஆகும் என்பதற்கு 1960 ரோம் ஒலிம்பிக்ஸை விட நல்ல உதாரணம் கிடையாது. ஆண்கள் 100 மீட்டர் ஃப்ரீஸ்டைல் நீச்சல் இறுதிப்போட்டி. ஆஸ்திரேலியாவின் ஜான் டெவிட்டும் அமெரிக்காவின் லான்ஸ் லார்சனும் ஒன்றாகச் சுவரைத் தொட்டார்கள். ஒவ்வொருவருக்கும் மூன்று பேர் ஸ்டாப்வாட்ச் பிடித்திருந்தார்கள். டெவிட்டுக்கு மூன்று கடிகாரமும் 55.2. லார்சனுக்கு 55.0, 55.1, 55.1. எந்தக் கடிகாரத்தைப் பார்த்தாலும் லார்சன்தான் முன்னால். ஆனால் அன்றைய விதிப்படி யார் முதலில் வந்தார் என்பதைக் கண்ணால் பார்க்கும் நடுவர்கள்தான் முடிவு செய்ய வேண்டும். முதலிடம் பார்க்க மூன்று பேர்: இரண்டு பேர் டெவிட் என்றார்கள். இரண்டாமிடம் பார்க்க மூன்று பேர்: அதில் இரண்டு பேர் இரண்டாவதாக வந்தவரும் டெவிட்தான் என்றார்கள்! மூன்றுக்கு மூன்று. கடைசியில் தலைமை நடுவர் டெவிட்டுக்குத் தங்கம் என்று அறிவித்தார். அதற்கு ஏற்றாற்போல லார்சனின் நேரத்தையும் 55.2 என்று திருத்தினார்கள். அதிகாரபூர்வமில்லாமல் ஓடிக்கொண்டிருந்த மின்னணுக் கருவி லார்சனுக்கு 55.10, டெவிட்டுக்கு 55.16 என்று காட்டியிருந்தது. அதை யாரும் கணக்கில் எடுக்கவில்லை.

அதே ரோம், அதே ஒலிம்பிக்ஸ், ஓட்டக்களத்தில் நமக்கு வேண்டியவர் ஒருவர் ஓடினார். மில்கா சிங், 400 மீட்டர், நான்காம் இடம். கைக்கடிகாரத்தில் 45.6. கேமராவில் 45.73. எது அவருடைய நேரம்? அன்று 45.6 என்றுதான் எழுதினார்கள். 1998-இல் கொல்கத்தாவில் பரம்ஜித் சிங் மின்னணுக் கடிகாரத்தில் 45.70 ஓடியபோது, 38 வருஷத்து தேசிய சாதனை உடைந்ததா இல்லையா என்று பெரிய விவாதமே நடந்தது. 45.6-ஐ 45.70 எப்படி முறியடிக்கும் என்று ஒரு கட்சி. 45.73-ஐத்தானே முறியடிக்க வேண்டும் என்று இன்னொரு கட்சி. தடகளத்தில் இதற்கென்றே ஒரு வழக்கம் உண்டு: கையால் எடுத்த 400 மீட்டர் நேரத்தோடு 0.14 கூட்டிக்கொள்வார்கள், 100, 200 மீட்டருக்கு 0.24. மில்காவின் 45.6-உடன் 0.14 கூட்டினால் 45.74. கேமரா சொன்னது 45.73. பரவாயில்லையே!

ஏன் கூட்ட வேண்டும்? துப்பாக்கியின் புகையைப் பார்த்து அழுத்தும்போது விரல் தாமதிக்கிறது. ஆனால் ஓடிவருபவரைத் தூரத்திலிருந்தே பார்த்துக்கொண்டிருப்பதால், முடிவுக்கோட்டில் விரல் தயாராக இருக்கிறது, தாமதம் குறைவு. தொடக்கத்தில் ஒரு பிழை, முடிவில் வேறொரு பிழை. அதனால் கைக்கடிகாரம் எப்போதும் நேரத்தைக் கொஞ்சம் குறைத்தே காட்டும். 1977 முதல் குறுகிய தூர உலக சாதனைகளுக்குத் தானியங்கிக் கடிகாரம் கட்டாயம் ஆனது இதனால்தான்.

இங்கேதான் சுற்றுப் பந்தயம் வேறுபடுகிறது. லேப் நேரம் எடுப்பவர் தொடக்கத்திலும் முடிவிலும் பார்ப்பது ஒரே காட்சியை: ஒரே வண்டி, ஒரே திசை, ஒரே கோடு. அவருடைய விரல் 0.2 நொடி தாமதம் என்றால் இரண்டு பக்கமும் 0.2. கழித்தால் தாமதம் அடிபட்டுப் போகிறது. மிஞ்சுவது விரலின் சராசரித் தாமதம் இல்லை, அதன் தடுமாற்றம் மட்டும்தான். நல்ல பழக்கம் உள்ளவர் கையில் அது ரொம்பக் குறைவு. இந்த ஒரு விஷயத்தைப் பிடித்துக்கொண்டால் மற்றதெல்லாம் விளங்கிவிடும். மாறாத பிழை லேப் நேரத்தைக் கெடுக்காது. மாறிக்கொண்டே இருக்கும் பிழைதான் கெடுக்கும்.

அறுபதுகளின் பந்தயக் குழிகளில் (பிட் என்பதற்கு இதைவிட நல்ல சொல் எனக்குக் கிடைக்கவில்லை) இருந்தவர்களுக்கு இது அனுபவத்திலேயே தெரிந்திருந்தது. பழைய படங்களில் ஓட்டுநர்களின் மனைவிகள் சுவர் மேல் உட்கார்ந்து மடியில் அட்டையும் கடிகாரமுமாக இருப்பார்களே, யோகென் ரிண்ட்டின் மனைவி நீனாவின் படங்கள் பிரபலம், அது அலங்காரத்துக்கு இல்லை. குழுவின் லேப் கணக்கு அவர்களிடம்தான். ஃபினிஷ் கோட்டுக்கு நேராக உட்கார இடம் கிடைக்காவிட்டால் எதிரே தெரியும் ஒரு கம்பத்தை வைத்து எடுப்பார்கள். வட்டத்தில் எந்த இடத்திலிருந்து அளந்தாலும் ஒரு சுற்று ஒரு சுற்றுதான். கம்பத்தை மட்டும் மாற்றக் கூடாது, ஆளையும் மாற்றக் கூடாது.

ஒரே கடிகாரத்தில் இன்னொரு சிக்கல். ஒரு சுற்று முடிந்ததும் நிறுத்தி, படித்து, பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து, மறுபடி தொடங்குவதற்குள் வண்டி அடுத்த வளைவில் இருக்கும். அதற்கு ஒரு பலகை செய்தார்கள். மூன்று கடிகாரங்கள், மேலே ஒரு நெம்புகோல். ஒரு தடவை அழுத்தினால் ஒன்று நிற்கும், ஒன்று ஓடத் தொடங்கும், மூன்றாவது பூஜ்யத்துக்கு வரும். நின்ற கடிகாரத்தைச் சாவகாசமாகப் படித்து எழுதலாம். கருவியின் குறையை இன்னும் இரண்டு கருவியால் சரிக்கட்டுவது! எனக்கு இந்தப் பலகையின் மேல் தனிப் பிரியம்.

எழுபதுகளில் ஃபெராரி குழுவுக்கு ஹாயர் கம்பெனி 'சென்டிகிராஃப்' என்ற கருவியையும், அதை இயக்க ழான் கம்பிஷ் என்ற ஆளையும் கொடுத்தது. காருக்கு ஒரு பொத்தான். கார் கோட்டைத் தாண்டும்போது அதற்குரிய பொத்தானை அழுத்தினால் நேரம் காகிதச் சுருளில் அச்சாகி வரும். கடிகாரம் மின்னணு, அழுத்துவது அப்போதும் விரல்தான். அந்தக் காலத்தில்தான் 1971 மோன்ஸா பந்தயம். பீட்டர் கெதின் ரோனி பீட்டர்சனை வென்றது 0.01 நொடியில். முதல் ஐந்து பேரும் 0.61 நொடிக்குள். 250 கி.மீ. வேகம் என்று வைத்துக்கொண்டால் 0.01 நொடி என்பது சுமார் ஒன்றரை முழம்.

அடுத்த வருஷம் ம்யூனிக் ஒலிம்பிக்ஸில் இயந்திரம் எல்லை மீறியது. 400 மீட்டர் தனிநபர் கலப்பு நீச்சல். ஸ்வீடனின் குன்னார் லார்சனும் அமெரிக்காவின் டிம் மக்கீயும் 4 நிமிடம் 31.98 நொடி. இருவருக்கும் ஒரே நேரம். உடனே மூன்றாவது இலக்கத்தைப் பார்த்தார்கள்: .981, .983. லார்சனுக்குத் தங்கம். நீந்திய வேகத்தில் 0.002 நொடிக்கு என்ன தூரம் என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன். மூன்று மில்லிமீட்டருக்கும் குறைவு. நீச்சல்குளத்தின் ஒரு பாதைக்கும் பக்கத்துப் பாதைக்கும் கட்டுமானத்திலேயே அதைவிட அதிக வித்தியாசம் இருக்கலாம், எட்டுத் தடவை போய்வரும்போது அது பெருகவும் செய்யும். மக்கீ தோற்றது லார்சனிடமா, கொத்தனாரிடமா? நீச்சல் சங்கம் நியாயமாக நடந்துகொண்டது: இனிமேல் நூறில் ஒரு பங்குக்கு மேல் பார்ப்பதில்லை, சமம் என்றால் சமம். 2016 ரியோவில் 100 மீட்டர் பட்டர்ஃப்ளையில் ஃபெல்ப்ஸ், சாட் லெ க்ளோ, லாஸ்லோ செ மூன்று பேரும் 51.14 வந்து மூன்று பேரும் வெள்ளி வாங்கியது அதனால்தான். கருவியால் முடிகிறது என்பதற்காக இலக்கத்தைக் காட்டாமல் விட்ட விளையாட்டு எனக்குத் தெரிந்து இது ஒன்றுதான்.

மோட்டார் பந்தயம் அதற்கு எதிர்த் திசை. 1997-இல் ஸ்பெயினின் ஹெரெஸில் தகுதிச் சுற்று. வில்நெவ், ஷூமாக்கர், ஃப்ரென்ட்ஸன் மூவரும் 1 நிமிடம் 21.072 நொடி. ஆயிரத்தில் ஒரு பங்கு வரை சமம். யார் முதலில் அந்த நேரத்தை எடுத்தாரோ அவருக்கு முன்னிடம் என்ற விதியை வைத்து வரிசைப்படுத்தினார்கள்.

இந்த அளவுக்குப் போக உதவியது டிரான்ஸ்பாண்டர். காரில் ஒரு சின்னப் பெட்டி, ட்ராக்கின் தரைக்குள் புதைத்த கம்பி வளையம். பெட்டி கம்பியைத் தாண்டும்போது தன் எண்ணைச் சொல்லும். இதில் பெயர் பெற்ற நெதர்லாந்துக் கம்பெனி தொடங்கியது ரிமோட் பொம்மைக் கார் பந்தயங்களுக்காக! இதிலும் ஒரு சிக்கல் உண்டு. தாண்டுவது கார் இல்லை, பெட்டி. 1992 இண்டியானாபொலிஸ் 500-இல் அல் அன்சர் ஜூனியர் ஸ்காட் குட்இயரை 0.043 நொடியில் வென்றார் என்று அறிவித்தார்கள். பிறகு பார்த்தால் இரண்டு கார்களிலும் பெட்டி வேறு வேறு இடத்தில் பொருத்தியிருந்தது. கார்களின் மூக்குகளுக்கு நடுவே உண்மையான இடைவெளி அதைவிடக் குறைவு. வென்றவர் மாறவில்லை, நல்ல வேளை.

டிரான்ஸ்பாண்டர் எல்லா நாளும் எல்லாருக்கும் கிடைக்காது. பந்தயம் நடத்துபவர்கள்தான் கம்பி புதைப்பார்கள். சொந்தமாகப் பயிற்சி செய்பவர்களுக்கு என்ன வழி? பிட் சுவரில் அகச்சிவப்பு விளக்கு ஒன்றை வைத்து, வண்டியில் அதைப் பார்க்கும் கண் ஒன்றை வைத்தார்கள். பக்கத்துக் குழுவும் விளக்கு வைத்தால் ஒரே சுற்றில் இரண்டு லேப் விழும். கார்ட் ட்ராக்குகளில் தரைக்குள் காந்தப் பட்டை. சில ட்ராக்கில் ஒன்று, சில ட்ராக்கில் மூன்று. அந்த எண்ணிக்கையைக் கருவியில் மாற்ற மறந்தால், மூன்றில் ஒரு பங்கு நேரத்தில் உலக சாதனை.

பிறகு வானத்திலிருந்து வழி வந்தது. 1983 செப்டம்பர் 1 அன்று வழிதவறிய கொரியப் பயணிகள் விமானத்தைச் சோவியத் போர் விமானம் சுட்டு வீழ்த்தி 269 பேர் இறந்தார்கள். அதையடுத்து ரீகன் அரசு ஜிபிஎஸ் சமிக்ஞையைப் பொதுமக்களுக்கும் தருவதாக அறிவித்தது. தந்தார்கள், ஆனால் வேண்டுமென்றே கலங்கடித்துத் தந்தார்கள். சுமார் 100 மீட்டர் வரை தப்பாகக் காட்டும். 100 மீட்டர் தடுமாற்றத்தில் லேப் நேரம் எடுக்க முடியாது. 2000 மே மாதத் தொடக்கத்தில் அந்தக் கலக்கலை நிறுத்தினார்கள். சாதாரண மனிதனின் லேப் டைமருக்குப் பிறந்தநாள் என்று ஒன்று உண்டென்றால் அது அந்த நாள்தான்.

அதற்குப் பிறகு நடந்தது முழுக்கத் தட்டிக்கொட்டிச் சரிசெய்த கதை. 2004 வாக்கில் வந்த சிர்ஃப்ஸ்டார் 3 என்ற சிப் அந்தக் காலத்து ப்ளூடூத் ஜிபிஎஸ் பெட்டிகளில் பரவலாக இருந்தது. நோக்கியா சிம்பியன் போனோடு அதை இணைத்து லேப் டைமர் செயலி ஓட்டினார்கள். அந்த சிப்பில் ஒரு குணம்: வேகம் மிகக் குறைந்தால் "நீ நிற்கிறாய்" என்று முடிவு செய்து புள்ளியை உறையவைத்துவிடும். சிக்னலில் நிற்கும் காரின் புள்ளி வரைபடத்தில் அலையாமல் இருக்கச் செய்த ஏற்பாடு. பந்தயக்காரர்களுக்கு அது எமன், நின்ற இடத்திலிருந்து கிளம்பும் கணம் காணாமல் போகும். கணினியில் ஒரு கருவி நிரலைப் போட்டு அந்த ஏற்பாட்டை அணைத்தார்கள். மீடியாடெக் சிப் வந்ததும் இன்னொரு வித்தை: 'பிஎம்டிகே 220' என்று தொடங்கும் ஒரு வரிக் கட்டளையில் 200 என்று எழுதி அனுப்பினால் 200 மில்லிசெகண்டுக்கு ஒரு புள்ளி, அதாவது நொடிக்கு ஐந்து.

அதைச் செய்தவர்கள் உடனே அடுத்த சுவரில் முட்டிக்கொண்டார்கள். ஜிபிஎஸ் பெட்டி போனுக்கு அனுப்புவது வெறும் எழுத்து வரிகள். ஒரு வரி சுமார் 70 எழுத்து. பழைய கணக்குப்படி வாய்க்கால் 4800 பிட், நொடிக்கு 480 எழுத்துதான் போகும். நொடிக்கு ஒரு புள்ளி, இரண்டு வரி என்றால் தாராளம். பத்துப் புள்ளி என்றால் 1400 எழுத்து. வாய்க்கால் நிரம்பி வரிகள் பாதியில் வெட்டுப்படும், திரையில் சுற்று எகிறும். வாய்க்காலை 38,400-க்கு அகலப்படுத்தி, எந்தெந்த செயற்கைக்கோள் தெரிகிறது என்று பட்டியல் போடும் வரிகளை நிறுத்தினால்தான் சரியாகும். "பத்து ஹெர்ட்ஸ் பெட்டி வாங்கினேன், ஒரு ஹெர்ட்ஸ் பெட்டியைவிட மோசம்" என்று ஒருவர் புலம்பினால் முதலில் பார்க்க வேண்டிய இடம் இது.

ஐபோன்காரர்களுக்கு வேறு கதை. 2008-இல் வந்த ஐபோன் 3ஜி-யில்தான் முதன்முதலாக ஜிபிஎஸ் வந்தது. ஆனால் நோக்கியாவிலும் ஆண்ட்ராய்டிலும் ஒட்டிக்கொண்ட சாதாரண ப்ளூடூத் ஜிபிஎஸ் பெட்டிகள் ஆப்பிளிடம் அனுமதி வாங்கிய சிப் இல்லாமல் ஐபோனோடு பேசாது. வைஃபை வழியாக வரிகளை அனுப்பிச் சமாளித்தார்கள் சிலர். குறைந்த சக்தி ப்ளூடூத் வந்த பிறகுதான் அந்தத் தடை உடைந்தது. இன்று நொடிக்கு 25 புள்ளி தரும் தீப்பெட்டி அளவுப் பெட்டிகள் இரண்டு வகைப் போனோடும் பேசுகின்றன. போனுக்குள் இருப்பதோ இப்போதும் பெரும்பாலும் நொடிக்கு ஒன்றுதான். நமது நாவிக் உட்பட எத்தனை நாட்டுச் செயற்கைக்கோள் சேர்ந்தாலும் புள்ளியின் இடம் திருத்தமாகுமே தவிர, புள்ளிகள் நெருக்கமாவதில்லை.

பலர் குழப்பிக்கொள்ளும் ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். ப்ளூடூத்தில் வரத் தாமதம் ஆகுமே, லேப் நேரம் தப்பாகாதா? ஆகாது. ஒவ்வொரு புள்ளியோடும் செயற்கைக்கோளின் கடிகார நேரமும் சேர்ந்தே வருகிறது. நல்ல செயலி அதைத்தான் எடுத்துக்கொள்ளும், போனுக்கு வந்து சேர்ந்த நேரத்தை இல்லை. தபால் தாமதமாக வந்தாலும் முத்திரையில் தேதி இருக்கிறதல்லவா? வீடியோவோடு பொருத்தும்போதுதான் தாமதம் தெரியும். அதேபோல, ஜிபிஎஸ் வார எண் 1024 ஆனதும் பூஜ்யத்துக்குத் திரும்பும். 2019 ஏப்ரலில் அப்படித் திரும்பியபோது பழைய பெட்டிகள் சில 1999-க்குப் போய்விட்டன. ஓடிய தேதி இருபது வருஷம் பின்னால், லேப் நேரம் மட்டும் சரி! கழித்தால் அடிபட்டுப் போகும் பிழை. பழைய கட்டைவிரல் கதைதான்.

இனி அக்கா பையனின் 0.4. அவன் போன் பதிவு செய்த கோப்பை வாங்கிக்கொண்டு ஒரு ஞாயிறு மதியம் இருவரும் உட்கார்ந்தோம்.

முதலில் கோடு. அவன் செயலியில் தொடக்கக் கோட்டை ஒரு வளைவுக்குச் சற்று முன்னால், பிரேக் பிடிக்கும் இடத்தில் போட்டிருந்தான். அங்கே ஒரு நொடிக்குள் வேகம் மளமளவென்று விழுகிறது. விகிதக் கணக்கோ வேகம் மாறவில்லை என்று நம்பிக்கொண்டு போடுவது. நொடிக்கு 50 மீட்டரிலிருந்து 40-க்கு இறங்கும் இடத்தில் கோடு நடுவில் விழுந்தால், கணக்கு 0.5 என்னும், உண்மை 0.472. இது மட்டும் 0.03 நொடி. வேகமும் குறைவாக இருந்தால் இன்னொரு சேதம். புள்ளி 3 மீட்டர் தள்ளி விழுந்தால், நொடிக்கு 36 மீட்டர் வேகத்தில் அது 0.08 நொடிப் பிழை. நொடிக்கு 15 மீட்டர் வேகத்தில் 0.2 நொடி. ஆகவே கோட்டை ட்ராக்கின் வேகமான நேர்ப்பகுதியில், வேகம் ரொம்ப மாறாத இடத்தில், பாதைக்குச் செங்குத்தாகப் போட வேண்டும். உண்மையான ஃபினிஷ் கோடு அங்கே இல்லாவிட்டால் பரவாயில்லை. அறுபதுகளின் கம்பம் நினைவிருக்கிறதா?

அடுத்து ஜாக்கெட் பாக்கெட். மனித உடம்பு பெரும்பாலும் தண்ணீர், ஜிபிஎஸ் சமிக்ஞையை விழுங்கிவிடும். குனிந்து ஓட்டும்போது போன் நெஞ்சுக்கும் டேங்குக்கும் நடுவே. இடப்பக்க வளைவில் ஒரு பாதி வானம் மறையும், வலப்பக்க வளைவில் மறு பாதி. அதாவது பிழை மாறிக்கொண்டே இருக்கும், கழித்தால் அடிபடாது. திறந்த வானம் தெரியும்படி வண்டியின் வால் பகுதியில் இருந்திருந்தால் பிழை பல நிமிடங்களுக்கு ஒரே பக்கமாகச் சாய்ந்திருக்கும், ஒரு சுற்றுக்கும் அடுத்ததற்கும் பெரிதாக வேறுபட்டிருக்காது. டேங்க் மேல் வைக்கலாமே என்றான். சென்னை வெயிலில் வைத்துப் பார் என்றேன், கால் மணி நேரத்தில் சூடாகி அணைந்துவிடும். பேட்டரியை மிச்சப்படுத்துகிறேன் என்று ஆண்ட்ராய்டு நடுவில் செயலியைத் தூங்கவைத்ததில் அவனுக்கு ஏற்கெனவே ஒரு பயிற்சி நாளில் மூன்று லேப் காணாமல் போயிருந்தது. அந்தச் செயலிக்கு மட்டும் விலக்குக் கொடுத்து வைத்தோம்.

கடைசியாக ஒரு சோதனை. நேர்ப்பகுதியில் கோட்டைப் போட்டு எல்லா லேப் நேரத்தையும் எழுதிக்கொண்டோம். பிறகு கோட்டை 10 மீட்டர் முன்னால் தள்ளி மறுபடி. பிறகு 20, 30. நேர்ப்பாதையில் வேகம் ஏறக்குறைய ஒன்றேதான் என்பதால் லேப் நேரங்கள் மாறவே கூடாது. நொடிக்கு 35 மீட்டரில் ஒரு தடவையும் 36-இல் ஒரு தடவையும் தாண்டினால்கூட 30 மீட்டருக்கு 0.02 நொடிதான் வித்தியாசம் வரும். அதற்கு மேல் எவ்வளவு ஆடுகிறதோ அது போனின் கைநடுக்கம்.

ஆடியது. ஒரே லேப், கோட்டைத் தள்ளத் தள்ள, கால் நொடி வரை மேலும் கீழுமாக. பச்சை நிறம் ஏழாவது சுற்றிலிருந்து ஐந்தாவதுக்குத் தாவியது, மறுபடி ஏழுக்கு வந்தது. பழைய டயரின் சிறந்த லேப்புக்கும் புது டயரின் சிறந்த லேப்புக்கும் இடைவெளி ஒரு கோட்டில் 0.4, இன்னொன்றில் 0.15. சிறந்த ஒரு லேப்பை மட்டும் பார்ப்பதே தப்பு என்று தோன்றி, நடுவில் யாரும் மறிக்காத லேப்புகளின் சராசரியை எடுத்தோம். புது டயர் கொஞ்சம் முன்னால்தான். ஆனால் அன்று காலையில் பழைய டயர், மதியம் புது டயர். மதியத்துக்குள் ட்ராக் சூடாகியிருந்தது, அவனும் பத்துச் சுற்று பழகியிருந்தான்.

பையன் கொஞ்ச நேரம் பேசவில்லை. "அப்போ டயர் வேஸ்ட்டா மாமா?" என்றான். தெரியாது என்றேன். டயர் நல்லதாகவே இருக்கலாம், அதை இந்தப் போன் சொல்லவில்லை, அவ்வளவுதான். முன் டயரை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று முடிவு செய்தான். அந்தப் பணத்தில் பாதிக்கு ஒரு நண்பனிடம் பழைய பத்து ஹெர்ட்ஸ் பெட்டி கிடைத்தது. கிளப் ரேஸுக்குப் பெயர் கொடுத்துவிட்டான், அங்கே டிரான்ஸ்பாண்டர் தருவார்கள்.

அடுத்த பயிற்சி நாளில் பெட்டியை வால் பகுதியில் டேப் போட்டு ஒட்டினான். காலையில் ஒரு தடவை, மதியம் ஒரு தடவை இரண்டு டயரையும் மாற்றி மாற்றி ஓட்டிப் பார்ப்பது என்று ஏற்பாடு. என்னிடம் ஒரு ஸ்டாப்வாட்சைக் கொடுத்து எதிரே தெரிந்த விளம்பரப் பலகையைக் காட்டி, "அதைத் தாண்டும்போது அழுத்துங்க மாமா, ஆள் மாறக் கூடாது" என்றான். முதல் லேப்பில் வண்டி போவதைப் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டேன். அழுத்த மறந்துபோச்சு.